‘நூறு பரிசோதனை’ கெமிஸ்ட்ரி பெட்டி: சாமான் பரவாயில்லை, கையேடுதான் மோசம்

ஆன்லைனில் ‘நூற்றுக்கும் மேற்பட்ட பரிசோதனைகள்’ என்று போட்டு விற்கிற கெமிஸ்ட்ரி பெட்டி ஒன்றை வாங்கி, பதினொரு வயது மகளோடு உட்கார்ந்து பெரும்பாலானவற்றைச் செய்து பார்த்துவிட்டு இதை எழுதுகிறேன். நிறுவனத்தின் பெயரைப் போடவில்லை. இதே பெட்டி, இதே அட்டைப் படம், இதே சோதனைக் குழாய்களோடு வேறு வேறு பெயர்களில் கிடைக்கிறது, அதில் ஒருவரை மட்டும் பிடித்துச் சொல்வது நியாயமாகப் படவில்லை. விலை ஆயிரத்து ஐநூறுக்குக் கொஞ்சம் குறைவு. நான் பி.எஸ்சி. வேதியியல் படித்தவள், கல்யாணத்துக்கு முன்னால் பள்ளி ஆய்வகத்தில் வேலை பார்த்தவள். அதனால் மற்றவர்கள் வண்ணப் படத்தைப் பார்க்கும்போது நான் பொட்டலத்தின் பின்பக்கத்தைத்தான் முதலில் திருப்பிப் பார்ப்பேன்.

பெட்டியில் என்ன இருக்கிறது என்று முதலில் சொல்லிவிடுகிறேன். பிளாஸ்டிக் சோதனைக் குழாய்கள், அவற்றை நிறுத்தி வைக்கத் தாங்கி, சொட்டு விடும் டிராப்பர்கள், 10 மில்லி அளவுக் குழாய், புனல், வடிதாள், லிட்மஸ் தாள், பலூன், ஒரு சிறிய ஸ்பிரிட் விளக்கு, கண்ணுக்குப் போடும் பாதுகாப்புக் கண்ணாடி, கையுறை, அப்புறம் பவுடர் பொட்டலங்கள். டிராப்பரும் அளவுக் குழாயும் நிஜமாகவே நல்ல தரம். ஊற்றிப் பழகிய பிள்ளை சொட்டு எண்ணிப் பழகுவது பெரிய விஷயம். அந்த இரண்டுக்காகவே பாதிப் பணம் கொடுக்கலாம் என்று எனக்குத் தோன்றியது.

நூறு என்ற கணக்கை நம்ப வேண்டாம். எரிமலை, தானாக ஊதும் பலூன், நடனமாடும் உலர்திராட்சை, மூடி பறக்கும் ராக்கெட், அணையும் மெழுகுவத்தி எல்லாம் ஒரே விஷயம்தான். ஆப்ப சோடாவோடு புளிப்பான ஏதோ ஒன்று சேர்ந்து கரியமில வாயு வருகிறது, அவ்வளவு. ஒவ்வொன்றையும் தனித்தனிப் பரிசோதனையாக எண்ணியிருக்கிறார்கள். பிள்ளைக்கு நாலாவதிலேயே அலுத்துவிட்டது.

அலுக்காதது எது தெரியுமா? துத்தமும் ஆணியும். மயில்துத்தம், அதாவது காப்பர் சல்ஃபேட், கால் டீஸ்பூனுக்கும் குறைவாக எடுத்து 20 மில்லி தண்ணீரில் கரைத்தாள். நல்ல நீலம். இரும்பு ஆணியை உப்புத்தாள் போட்டுப் பளபளவென்று தேய்த்து உள்ளே விட்டாள். கொஞ்ச நேரத்திலேயே முங்கிய பகுதி செம்பு நிறத்துக்கு மாறிவிட்டது, வெளியே நிற்கிற பாதி ஆணி வெள்ளையாக அப்படியே இருக்கிறது. இன்னும் சில ஆணிகளைப் போட்டு ராத்திரி முழுக்க விட்டதில் நீலமும் வெளுத்துப்போனது. “அம்மா, நீலம் எங்கே போச்சு?” என்று கேட்டாள் பாருங்கள், அந்தக் கேள்விக்காகத்தான் இந்தப் பெட்டியை வாங்குகிறோம். இரும்பு தண்ணீருக்குள் போக, செம்பு வெளியே வந்து ஆணியில் உட்காருகிறது என்பதை அவள் விரலாலேயே தேய்த்துப் பார்த்தாள், கையுறையோடு.

இந்தப் பரிசோதனையில் பயன்பட்டது ஒரு சிட்டிகை சரக்கு. எனக்கு இந்தப் பெட்டியைப் பற்றிச் சொல்ல வேண்டிய முக்கியமான விஷயமே இதுதான். வீட்டில் செய்யும் கெமிஸ்ட்ரியில் குதூகலமும் பத்திரமும் ஒன்றையொன்று தின்னும் என்று பலர் நினைக்கிறார்கள், ஒன்று கூடினால் மற்றது குறையும் என்று. அளவைக் குறைத்தால் இரண்டும் சேர்ந்தே கிடைக்கிறது. 5 மில்லியில் நிறம் மாறுவதும் அரை லிட்டரில் நிறம் மாறுவதும் பார்க்கிற பிள்ளைக்கு ஒரே ஆச்சரியம்தான். சிந்தினால் மட்டும்தான் வித்தியாசம் தெரியும். சொல்லப்போனால் சின்ன அளவில் செய்யும்போது பிள்ளை முகத்தைக் கிட்டே கொண்டுபோய் உற்றுப் பார்க்கிறாள், கவனிக்கிறாள், திரும்பச் செய்யவும் சரக்கு மிச்சம் இருக்கிறது. அப்படி உற்றுப் பார்க்கத்தான் கண்ணுக்கு ஒழுங்கான மறைப்பு வேண்டும். ஆனால் கையேட்டில் பாதி இடங்களில் அளவே இல்லை. ‘சிறிது சேர்க்கவும்’, ‘தேவையான அளவு ஊற்றவும்’. இது என்ன, சாம்பார்ப் பொடியா?

சரி, பொட்டலங்களுக்கு வருவோம். ஒவ்வொன்றின் மேலும் ஒரு எண் மட்டும் அச்சடித்திருக்கிறது. நாலாம் எண், ஏழாம் எண் என்று. பொருளின் பெயர் கையேட்டின் கடைசிப் பக்கத்தில், ஆங்கிலத்தில், பொடி எழுத்தில் இருக்கிறது. கையேடு தொலைந்துபோனால் அந்த நீலப் பொடி என்னவென்று வீட்டில் யாருக்கும் தெரியாது. இதை நான் சின்னக் குறையாக எடுத்துக்கொள்ளவில்லை. துத்தம் பார்க்கக் கற்கண்டு மாதிரி பளிச்சென்று இருக்கும். வயிற்றுக்குள் போனால் கடுமையான வாந்தி, அளவு கூடினால் சிறுநீரகம், கல்லீரல் வரைக்கும் பாதிப்பு. அவசரமாக மருத்துவமனைக்கு ஓடும்போது டாக்டர் கேட்கிற முதல் கேள்வி “என்ன சாப்பிட்டான்?” என்பதுதான். அதற்கு ‘நாலாம் நம்பர்’ என்று பதில் சொல்ல முடியுமா? பெட்டி வந்த அன்றே நான் ஒவ்வொரு பொட்டலத்தையும் மூடியுள்ள சின்ன டப்பாவுக்கு மாற்றி, பெயரைத் தமிழிலும் ஆங்கிலத்திலும் எழுதி ஒட்டினேன். நீங்களும் வாங்கினால் இதை முதலில் செய்யுங்கள்.

இங்கேயே ஒன்று சொல்லிவிடுகிறேன். பிள்ளை எதையாவது விழுங்கிவிட்டால் நம் வீடுகளில் உப்புத் தண்ணீர் கொடுத்து வாந்தி எடுக்க வைப்பார்கள். செய்யக் கூடாது. வாயைக் கொப்பளிக்க வைத்து, டப்பாவைக் கையோடு எடுத்துக்கொண்டு மருத்துவமனைக்குப் போக வேண்டும், 108ஐக் கூப்பிடலாம். டெல்லி எய்ம்ஸில் இயங்கும் தேசிய விஷத் தகவல் மையத்தின் கட்டணமில்லா எண் 1800 116 117. இதைப் பெட்டியின் மூடிக்கு உள்பக்கம் ஒட்டி வைத்திருக்கிறேன். விற்கிறவர்கள் ஒட்டியிருக்க வேண்டிய காகிதம் அது.

கண்ணாடியைப் பற்றி எழுதவே வேண்டாம் என்று நினைத்தேன், ஆனால் படத்தில் எல்லாப் பிள்ளைகளும் அதைப் போட்டுக்கொண்டு சிரிப்பதால் எழுதுகிறேன். பக்கவாட்டில் ஒரு விரல் போகும் அளவுக்கு இடைவெளி. எலாஸ்டிக் பட்டை கிடையாது. குனிந்தால் மூக்கிலிருந்து நழுவி விழுகிறது. தெறிக்கிற சொட்டு நேராகத்தான் வரும் என்று யார் சொன்னது? ஹார்டுவேர் கடையில் முகத்தோடு ஒட்டி நிற்கும் கண்ணாடி நூறு இருநூறு ரூபாய்க்குக் கிடைக்கிறது, பட்டையை இழுத்துப் பிள்ளைக்குச் சரிசெய்துகொள்ளலாம். இதில் எனக்குச் சந்தோஷமான விஷயம், ஒழுங்கான கண்ணாடி வந்ததும் அவளே கேட்டு வாங்கிப் போட்டுக்கொண்டாள். விஞ்ஞானி வேஷம் கட்டின மாதிரி ஒரு மிடுக்கு வந்துவிட்டது. பாதுகாப்புச் சாமான் ஒழுங்காக இருந்தால் பிள்ளைகள் அதை ரசிக்கவே செய்கிறார்கள், வலிக்கிற, நழுவுகிற சாமானைத்தான் கழற்றி எறிகிறார்கள்.

இப்போது எனக்குக் கோபம் வந்த இடம். கையேட்டில் ‘யானைப் பற்பசை’ இருக்கிறது, பாட்டிலிலிருந்து பற்பசை மாதிரி நுரை பொங்கி வரும் பரிசோதனை. ஹைட்ரஜன் பெராக்சைடு 50 மில்லி ‘மருந்துக் கடையில் வாங்கிக்கொள்ளவும்’ என்று போட்டிருக்கிறார்கள். எத்தனை சதவீதம் என்று ஒரு வார்த்தை இல்லை. மருந்துக் கடைப் பாட்டிலில் ‘10 வால்யூம்’ என்று இருந்தால் அது 3 சதவீதம், ‘20 வால்யூம்’ என்றால் சுமார் 6 சதவீதம். வீடியோக்களில் கூரை வரைக்கும் நுரை பீச்சி அடிக்கிறதே, அதற்கெல்லாம் பெரும்பாலும் 30 சதவீதம் அல்லது அதற்கும் மேல். அந்தச் சரக்கு தோலில் பட்டால் வெள்ளையாகப் பொசுங்கும், கண்ணில் பட்டால் கேட்கவே வேண்டாம். பிள்ளை வீடியோவைப் பார்த்துவிட்டு “நம்மோடது ஏன் அவ்வளவு வரலை?” என்று கேட்கும், உடனே நாமும் ஆசைப்பட்டு ஆன்லைனில் திடமானதை வாங்கிவிடக் கூடாது.

3 சதவீதத்திலேயே அருமையாக வருகிறது, வழி இருக்கிறது. கழுத்து ஒடுங்கிய சின்ன பாட்டிலில் பெராக்சைடும் பாத்திரம் கழுவும் திரவம் சில சொட்டும் விட்டு, பேக்கரி ஈஸ்ட் அரை டீஸ்பூனை வெதுவெதுப்பான தண்ணீரில் கலக்கி ஊற்றினால், நுரை மெதுவாக எழும்பிக் கழுத்து வழியாக வழிந்து வரும். பாட்டிலின் வாய் குறுகலாக இருக்க இருக்க நுரை உயரம் போகும். எங்கள் வீட்டில் இதைத் தரையில் ஒரு தாம்பாளத்தில் வைத்துத்தான் செய்தோம். அந்த நுரைக்குள் இருப்பது ஆக்சிஜன் என்று கையேடு சொல்கிறது, ஆனால் காட்டவில்லை. ஊதுவத்தியைக் கொளுத்தி, சுடரை அணைத்து, கனல் முனையை ஒரு பெரிய குமிழிக்குள் நீட்டினால் கனல் பளீரென்று பிரகாசிக்கும், சில சமயம் குப்பென்று சுடரே வந்துவிடும். மகள் அந்த ஊதுவத்தியைத் திரும்பத் திரும்ப நீட்டிக்கொண்டே இருந்தாள், நான் தலைமுடியைப் பின்னிக் கட்டச் சொல்லியிருந்தேன், பருத்தித் துணிதான் போட்டிருந்தாள், பக்கத்தில் ஒரு வாளித் தண்ணீர். வீடியோவில் வந்த கூரை நுரையை அன்றைக்கு அவள் கேட்கவே இல்லை.

அடுத்தது இன்னும் மோசம். ஒரே தட்டில், அடுத்தடுத்த குழியில், பொட்டாசியம் பெர்மாங்கனேட்டும் கிளிசரினும் இருக்கின்றன. பெர்மாங்கனேட் ஊதாத் தண்ணீரை வைட்டமின் சி மாத்திரை போட்டு நிறமில்லாமல் ஆக்குவதற்கு, நல்ல பரிசோதனை. கிளிசரின் சோப்புக் குமிழி உடையாமல் நிற்பதற்கு, அதுவும் நல்லதுதான். ஆனால் இந்த இரண்டும் நேரடியாகச் சேர்ந்தால் தீப்பெட்டி இல்லாமலேயே தானாகத் தீப்பிடிக்கும். அதுவும் உடனே பிடிக்காது, சில நொடிகள் ஒன்றும் நடக்காத மாதிரி இருக்கும், சில சமயம் ஒரு நிமிடம்கூட ஆகும். ‘ஒன்றும் ஆகலையே’ என்று பிள்ளை குனிந்து பார்க்கிற நேரத்தில்தான் பற்றும். வேதியியல் படித்த யாருக்கும் தெரிந்த விஷயம் இது. கையேட்டில் எச்சரிக்கை என்று ஒரு வரி இல்லை. மிச்சம் இருக்கிற பொடிகளைக் கலந்து பார்க்காத பிள்ளை உலகத்தில் உண்டா? நான் பெர்மாங்கனேட்டை அந்தத் தட்டிலிருந்தே எடுத்துப் பூட்டிய அலமாரியில் தனியாக வைத்துவிட்டேன். ஏன் எடுத்தேன் என்று அவளிடம் காரணத்தோடு சொன்னேன். ‘தொடாதே’ என்று மட்டும் சொல்லியிருந்தால் தேடிப் போயிருப்பாள்.

ஸ்பிரிட் விளக்கு வேண்டவே வேண்டாம், தூக்கி வையுங்கள். சாராய வகைத் திரவங்களின் சுடர் பகல் வெளிச்சத்தில் சரியாகத் தெரியாது. அணைந்துவிட்டது என்று நினைத்துப் பாட்டிலிலிருந்து ஊற்றும்போது ஆவி பற்றி, பாட்டிலுக்குள்ளிருந்தே நெருப்பு பீறிட்டு எதிரே உட்கார்ந்திருப்பவர் மேல் பாயும். அமெரிக்கப் பள்ளிகளில் மெத்தனாலை ஊற்றி உப்புகளை எரித்து வானவில் நிறச் சுடர் காட்டும் செய்முறையில் இப்படிப் பல மாணவர்கள் தீக்காயம் பட்டார்கள். கடைசியில் 2014இல் அமெரிக்க வேதியியல் சங்கமே, மேசைமேல் மெத்தனாலைத் திறந்துவைத்துச் செய்யும் அந்த முறையை நிறுத்தச் சொன்னது. செய்தவர்கள் படித்த ஆசிரியர்கள், அதுதான் யோசிக்க வைக்கிறது. அந்த நிறங்களைப் பார்க்க வேறு வழி இருக்கிறது: மரக்குச்சியை உப்புக் கரைசலில் ராத்திரி ஊற வைத்து, பெரியவர் ஒருவர் கையில் பிடித்துச் சுடரில் காட்டினால் போதும். சாப்பாட்டு உப்புக்கு மஞ்சள், துத்தத்துக்குப் பச்சை. துத்தக் குச்சியை மட்டும் சமையலறை அடுப்பில் காட்டாமல் ஜன்னல் ஓரம் மெழுகுவத்தியில் காட்டுங்கள்.

இன்னொரு பொட்டலத்தில் சுண்ணாம்பு. மூச்சுக்காற்றை ஊதித் தெளிந்த சுண்ணாம்பு நீரைப் பால் மாதிரி ஆக்கும் பரிசோதனைக்கு. வெற்றிலைக்குப் போடுவதுதானே என்று யாரும் இதைப் பொருட்படுத்துவதில்லை. அமிலத்துக்குப் பயப்படுகிற நாம் காரத்துக்குப் பயப்படுவதில்லை, ஆனால் கண்ணுக்குள் போனால் காரம் உள்ளே உள்ளே அரித்துக்கொண்டு போகும். கடையில் தொங்கும் சுண்ணாம்புப் பாக்கெட்டைக் குழந்தைகள் அமுக்கி விளையாடி, அது வெடித்துக் கண்ணில் அடித்துப் பார்வை பாதிக்கப்பட்ட சம்பவங்களை நம் நாட்டுக் கண் மருத்துவர்கள் பதிவு செய்திருக்கிறார்கள். பட்டுவிட்டால் குழாயடியில் உட்கார வைத்துக் குறைந்தது கால் மணி நேரம் விடாமல் கழுவி, பிறகு நேராகக் கண் மருத்துவமனைக்கு. ஊதும்போது உறிஞ்சிவிடாமல் இருக்க, ஸ்ட்ராவின் மேல்பக்கம் ஊசியால் ஒரு ஓட்டை போட்டுவிடுங்கள், உறிஞ்சினால் காற்றுதான் வரும்.

சட்ட விஷயம் ஒன்று. 2021 ஜனவரி 1 முதல் இந்தியாவில் 14 வயதுக்குக் குறைந்த பிள்ளைகளுக்கான பொம்மைகளுக்கு ஐ.எஸ்.ஐ. முத்திரை கட்டாயம். இந்தப் பெட்டியின் முகப்பில் பெரிதாக ‘8+’ என்று இருக்கிறது. பக்கவாட்டில், பார்கோடுக்குக் கீழே, கண்ணைச் சுருக்கிப் பார்த்தால் ‘14 வயதுக்கு மேற்பட்டோருக்கான கல்விச் சாதனம்’ என்று இருக்கிறது. எட்டு வயதுப் பிள்ளையின் அம்மா அப்பாவிடம் முகப்பைக் காட்டி விற்றுவிட்டு, கேள்வி வந்தால் பக்கவாட்டைக் காட்டுவதற்காக என்றுதான் எனக்குப் படுகிறது. ஐ.எஸ்.ஐ. முத்திரை எங்கும் இல்லை, சி.இ. எழுத்து மட்டும் இருக்கிறது, அது ஐரோப்பியச் சந்தைக்கான குறி. வாங்கும்போது முத்திரைக்குக் கீழே சி.எம்./எல். என்று ஆரம்பிக்கும் உரிம எண் இருக்கிறதா பாருங்கள், ஐ.எஸ்.ஐ. முத்திரை தரும் இந்தியத் தர நிர்ணய அமைப்பின் ‘பி.ஐ.எஸ். கேர்’ செயலியில் அந்த எண்ணைப் போட்டுச் சரிபார்க்கலாம்.

இதற்காகப் பெட்டியில் ஒன்றுமே இல்லாமல் செய்துவிட வேண்டும் என்று நான் சொல்லவில்லை. 1950இல் அமெரிக்காவில் கில்பர்ட் நிறுவனம் 49.50 டாலருக்கு விற்ற அணுசக்திப் பெட்டியில் யுரேனியத் தாதுவையே வைத்திருந்தார்கள். அது ஒரு எல்லை என்றால், நிறத் தண்ணீரும் ஜிகினாவும் மட்டும் போட்டு ‘சயின்ஸ் கிட்’ என்று இன்று விற்பது இன்னொரு எல்லை. ஐரோப்பாவில் வீட்டுக் கெமிஸ்ட்ரி பெட்டிகளுக்கென்றே தனி விதி இருக்கிறது. எந்தெந்தப் பொருள், ஒவ்வொன்றும் அதிகபட்சம் எவ்வளவு என்று வரையறுத்திருக்கிறார்கள். நிஜமான ரசாயனம், ஆனால் கொஞ்சமாக. எனக்கு அது சரியான வழியாகத் தெரிகிறது.

பெட்டியே வாங்காமல் செய்யலாமா என்றால், எட்டு வயதுக்கு உட்பட்டவர்களுக்கு அதுதான் நல்லது. தங்கை மகனுக்கு ஆறு வயது, அவனுக்குச் சங்குப்பூ கொடுத்தேன். வெந்நீரில் போட்டால் கருநீலம், எலுமிச்சை பிழிந்தால் ஊதாவாகி இளஞ்சிவப்பு, ஆப்ப சோடா போட்டால் பச்சை கலந்த நீலம். “சித்தி… பெரியம்மா, இன்னொரு பூ!” என்று அவசரத்தில் முறையே மாறிப்போய்க் கத்தினான். மஞ்சளைக் காகிதத்தில் பூசிக் காயவைத்துச் சோப்புத் தண்ணீரால் எழுதினால் சிவப்பு எழுத்து வரும். படிகம் வளர்க்கத் துத்தம் வேண்டாம், நாட்டு மருந்துக் கடைப் படிகாரம் போதும், வெந்நீரில் கரைகிற வரை கரைத்து, வடிகட்டி, நூலில் ஒரு சின்னத் துண்டைக் கட்டித் தொங்கவிட்டால் எட்டு முகம் கொண்ட படிகம் வளரும், அவசரப்படாமல் விட வேண்டும். தீக்குச்சி, சைக்கிள் வால்வு ட்யூப், ஸ்ட்ரா இவற்றை வைத்தே அரவிந்த் குப்தா எத்தனை எத்தனை அறிவியல் பொம்மைகளைச் செய்து காட்டியிருக்கிறார், 2018இல் பத்மஸ்ரீ வாங்கியவர், அவர் தளத்தில் எல்லாம் இலவசம். 2022 நவம்பரில் தமிழக அரசு ஆரம்பித்த வானவில் மன்றம் என்ற திட்டத்தில் நம் அரசுப் பள்ளி 6 முதல் 8 வரைப் பிள்ளைகளுக்கும் எளிய பொருள்களை வைத்துச் செய்துதான் காட்டுகிறார்கள்.

பெட்டியில் கூடுதலாக வருகிற மின்சாரப் பகுதியைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. எல்.இ.டி., கம்பி, ஒரு பட்டன் பேட்டரி. வீட்டில் சின்னக் குழந்தை இருந்தால் அந்த பேட்டரியை முதலில் அப்புறப்படுத்துங்கள். விழுங்கித் தொண்டையில் சிக்கினால் இரண்டு மணி நேரத்துக்குள்ளேயே உணவுக்குழாயைப் பொசுக்க ஆரம்பிக்கும்.

ஆக யார் வாங்கலாம்? பத்து வயதுக்கு மேல் பிள்ளை, கூடவே உட்கார ஒரு பெரியவர், பெர்மாங்கனேட்டையும் ஸ்பிரிட் விளக்கையும் எடுத்துவிட்டு, கண்ணாடியை மாற்றி, பெயர் எழுதி ஒட்டி, அளவுகளை நாமே பென்சிலால் கையேட்டில் குறித்துவைத்தால் நல்ல பெட்டிதான். ஐந்துக்கு இரண்டரை கொடுப்பேன். பிறந்தநாள் பரிசாக அடுத்த வீட்டுப் பிள்ளைக்குக் கொடுக்க மாட்டேன், அங்கே யார் கூட உட்காருவார்கள் என்று நமக்குத் தெரியாது.

மேலே சொன்ன குறைகளை விற்பனையாளருக்கு எழுதினேன், பணத்தைத் திருப்பித் தருகிறோம் என்று மட்டும் பதில் வந்தது, பெர்மாங்கனேட்டைப் பற்றி ஒன்றும் இல்லை. மறுபடி எழுதியிருக்கிறேன். பொருளின் முழுப் பெயரைத் தமிழில் டப்பாவிலேயே போட்டு, அளவையும் கிராமில் சொல்லி விற்கிற கெமிஸ்ட்ரி பெட்டி எதையாவது யாராவது பார்த்திருந்தால் கீழே சொல்லுங்கள், வாங்கி முழுவதும் செய்து பார்த்து அதையும் எழுதுகிறேன்.